நான்சி ஹியூஸாக வாழ்ந்தவள்

அன்புள்ள மீனாவுக்கு,

அம்மா எழுதுகிறேன். நேற்று போனில் நீ சொன்னதே மனசில் ஓடிக்கொண்டிருக்கிறது. பகல் நேரத் தொடரில் நல்ல வேடம் கிடைத்தும், கூடப் படித்தவர்கள் என்ன நினைப்பார்களோ என்று தயங்குகிறாய். மேடையில் நடித்தவள் அழுமூஞ்சி சீரியலுக்குப் போய்விட்டாள் என்பார்களாம். சொல்லட்டும்.

நீ கைக்குழந்தையாக இருந்தபோது, மதியம் உன்னைத் தூங்க வைத்துவிட்டு நான் அமெரிக்க டிவி சேனல் சிபிஎஸ்ஸில் ‘ஆஸ் தி வேர்ல்ட் டர்ன்ஸ்’ தொடர் பார்ப்பேன். அதில் நான்சி ஹியூஸாக நடித்தவர் ஹெலன் வாக்னர். 1956 ஏப்ரல் 2 அன்று அந்தத் தொடரின் முதல் வசனத்தைப் பேசியதே அவர்தான்: கணவனுக்கு ஒரு காலை வணக்கம், அவ்வளவுதான். தொடரை உருவாக்கிய இர்னா பிலிப்ஸுக்கு அவர் காபி ஊற்றிய விதம் பிடிக்கவில்லை என்று தொடக்கத்திலேயே ஒருமுறை அவரை வேலையிலிருந்து நிறுத்திவிட்டார்களாம். அப்புறம் திரும்பக் கூப்பிட்டார்கள். நடுவில் சில இடைவெளிகள் இருந்தாலும், 2010-இல் 91 வயதில் இறக்கும்வரை நான்சி அவர்தான். கின்னஸ் புத்தகத்திலும் பெயர் ஏறியது.

1963 நவம்பர் 22 மதியத்தை மட்டும் கொஞ்சம் நினைத்துப் பார். அப்போதெல்லாம் தொடர் நேரலை. மகன் பாப், தான் விவாகரத்து செய்த மனைவி லிசாவைத் தேங்க்ஸ்கிவிங் விருந்துக்குக் கூப்பிட்டதைப் பற்றி நான்சியும் மாமனாரும் பேசிக்கொண்டிருக்கிறார்கள். தொடங்கிப் பத்து நிமிஷம்கூட ஆகியிருக்காது, திரை மாறிச் செய்தியாளர் வால்டர் கிரான்கைட்டின் குரல் வருகிறது: டல்லாஸில் அதிபர் கென்னடியைச் சுட்டுவிட்டார்கள். கேமரா தயாராகாததால் முகம்கூட இல்லை, குரல் மட்டும். நாடே உறைந்துபோய்க் கேட்கிறது. ஸ்டூடியோவுக்குள் அந்த இரண்டு பேருக்கும் எதுவும் தெரியாது. தாங்கள் பேசுவது வீடுகளுக்குப் போகவில்லை என்றுகூடத் தெரியாமல் காட்சியைத் தொடர்ந்து நடித்தார்கள். ஒரு தவறுக்கும் இடமில்லாத அந்த நேரலை வேலையை வாரத்தில் ஐந்து நாள், வருஷக்கணக்காகச் செய்தவர்கள் அவர்கள். இதைவிடப் பெரிய மேடைப் பயிற்சி எது என்று உன் நண்பர்களைக் கேள்.

கணவர் கிறிஸாக நடித்த டான் மக்லாக்லின் 1986-இல் இறந்தபோது, கதையிலும் கிறிஸ் இறந்தார். 30 வருஷம் கணவன் மனைவியாக நடித்த பிறகு, விதவையாகவும் நடிக்க வேண்டியிருந்தது வாக்னருக்கு.

நான் பார்த்த காலத்தில் நான்சிக்கு இரண்டாவது கணவர், மெக்லோஸ்கி. அவருக்கு அல்சைமர் என்ற மறதி நோய். அப்போது ஊரில் உன் தாத்தா என்னையே யாரென்று கேட்கத் தொடங்கியிருந்தார். டிக்கெட் எடுத்து ஓடவும் வழியில்லை. நான்சி ஆர்ப்பாட்டமே இல்லாமல் அந்த மனுஷனோடு உட்கார்ந்திருப்பாள். என் துக்கம் தெரிந்த ஒரே ஆள் அவள்தான் என்று எனக்கு இருக்கும். ஒருநாள் பார்த்திருந்தால் அப்படித் தோன்றியிருக்காது. தினமும் வந்ததால் வந்த உறவு அது. இரண்டு மணி நேரப் படத்தில் எவ்வளவு பெரிய நடிகையாலும் அதைக் கொடுக்க முடியாது மீனா.

2010 செப்டம்பர் 17-ஆம் தேதி அந்தத் தொடரும் முடிந்துபோனது. கடைசி வசனம் மகன் பாப் வேடத்தில் நடித்த டான் ஹேஸ்டிங்ஸுக்கு. அவரும் 1960-லிருந்து அங்கேதான். இப்போது அமெரிக்காவில் மிச்சமிருக்கும் பகல் தொடர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். அதில் ஒன்றில் உன்னைக் கூப்பிட்டிருக்கிறார்கள். என்னைக் கேட்டால், போ.

ஆனால் ஒப்பந்தத்தைக் கவனமாகப் படி. 13 வாரத்துக்கு ஒருமுறை அவர்கள் உன்னை விலக்கிக்கொள்ளலாம் என்று இருக்கும், உனக்கு மட்டும் நடுவில் விலகும் உரிமை இருக்காது. ஒரு வக்கீலிடம் காட்டிவிட்டுக் கையெழுத்துப் போடு. முதல் எபிசோடு என்றைக்கு என்று தெரிந்ததும் சொல், அப்பா அன்றைக்கு லீவு போடுகிறாராம்.

அன்புடன்,
அம்மா