நடிகை ராதிகா அவர்களுக்கு ஒரு கடிதம்

மதிப்பிற்குரிய ராதிகா அம்மா அவர்களுக்கு,

வணக்கம். உங்களைப் பற்றி எழுதுகிறவர்களில் பலர், 1978இல் வெளிவந்த 'கிழக்கே போகும் ரயில்' பாஞ்சாலியில் தொடங்கி, 1993இன் 'கிழக்குச் சீமையிலே' விருமாயியை மனதாரப் புகழ்ந்துவிட்டு, பிறகு சின்னத்திரைக்குச் சென்றார் என்று ஒரே வரியில் முடித்துக்கொள்கிறார்கள். இருபது ஆண்டு உழைப்பை அப்படிக் கடந்து போவது நியாயமில்லை என்பதைச் சொல்லவே இந்தக் கடிதம்.

'கேளடி கண்மணி' சாரதா டீச்சரை நான் அடிக்கடி நினைத்துக்கொள்வதுண்டு. காது கேளாத, வாய் பேச இயலாத பெற்றோருக்கு ஒரே ஆதரவாக இருக்கும் அந்தப் பெண்ணின் ஆசையையும் தயக்கத்தையும் பெரும்பாலும் உங்கள் கண்களே பேசின. முகம் மட்டுமே திரையை நிறைக்கும் சின்னத்திரைக்கு ஏற்ற நடிப்பு 1990லேயே உங்களிடம் இருந்தது என்பது என் எண்ணம்.

1999இல் 'சித்தி' தொடங்கியபோது, அந்த வயதில் ஒரு கதாநாயகிக்குத் தமிழ் சினிமா அக்கா வேடமும் அம்மா வேடமும்தான் எடுத்துவைத்திருந்தது. நீங்களோ உங்கள் தயாரிப்பு நிறுவனமான ராடான் வழியாக உங்களுக்கான மையப் பாத்திரங்களை நீங்களே உருவாக்கிக்கொண்டீர்கள். இரவு நேரத்தில் மின்சாரம் போய்விட்டால், விட்டுப்போன கதையை மறுநாள் காலையில் பக்கத்து வீட்டில் கேட்டுத் தெரிந்துகொண்ட குடும்பங்கள் எங்கள் தெருவில் இருந்தன. 'அண்ணாமலை', 'செல்வி', 'அரசி', 'செல்லமே' என்று அது தொடர்ந்தது.

நெடுந்தொடரில் நடிப்பது திரைப்படத்தில் நடிப்பதைவிட எளிது என்பாரை நான் ஏற்பதில்லை. திரைப்படத்தில் முடிவு தெரிந்த கதையில் நடிக்கிறோம்; தொடரிலோ கதை எந்தப் பக்கம் திரும்பும் என்பது தெரியாமலே, ஒரே நாளில் பல காட்சிகளை முடித்துக்கொடுத்து, பாத்திரத்தின் குணம் மாறிவிடாமல் ஆண்டுக்கணக்கில் காப்பாற்றியாக வேண்டும். 2013 முதல் 2018 வரை வந்த 'வாணி ராணி'யில் இந்தச் சுமை இரட்டிப்பானது. வழக்கறிஞர் வாணியும் இல்லத்தரசி ராணியும் நேருக்கு நேர் வாக்குவாதம் செய்யும் காட்சியில், எதிரே இல்லாத ஒருத்தியைப் பார்த்துக் கோபப்பட்டு, பிறகு புடவையும் ஒப்பனையும் மாற்றிக்கொண்டு வந்து, அதே கோபத்துக்கு நீங்களே இன்னொருத்தியாக நின்று பதில் சொல்ல வேண்டும். பதிலுக்கான இடைவெளி சற்றுக் கூடினாலும் குறைந்தாலும் இருவரும் ஒருவரே என்பது காட்டிக்கொடுத்துவிடும். பார்த்துக்கொண்டிருந்த எங்களுக்கு அங்கே இரண்டு பெண்கள்தான் தெரிந்தார்கள்.

'தர்மதுரை'யில் தாயாக வந்தபோது உங்களிடம் கண்ட நிதானம், இத்தனை ஆண்டுகள் நாள்தோறும் கேமரா முன் நின்றதால் கைவந்தது என்றே நம்புகிறேன்.

உங்களிடம் ஒரு வேண்டுகோள் உண்டு. அன்றன்று கைக்கு வரும் வசனத்தை எப்படி உள்வாங்கினீர்கள், அழுகைக் காட்சிகள் அடுத்தடுத்து வந்த நாட்களில் ஒன்றுபோல் மற்றொன்று ஆகாமல் எப்படிப் பார்த்துக்கொண்டீர்கள், தயாரிப்பாளராகக் கணக்குப் பார்த்த கையோடு நடிகையாக எப்படி மாறினீர்கள் என்பதையெல்லாம் விரிவாக எழுதுங்கள். இன்று தொடர்களில் நடிக்க வரும் பெண்களுக்கு அதைச் சொல்லித்தர உங்களைவிடத் தகுதியானவர் எனக்குத் தெரிந்து இல்லை.

அன்புடனும் மரியாதையுடனும்,
உங்கள் ரசிகை