விடுபட்ட பெயர்களுக்கு ஒரு நன்றி மடல்

அன்புடையீர்,

வணக்கம். என் முதல் திரைப்படத்தின் இறுதியில் வரும் நன்றி அட்டை முப்பத்தெட்டு நொடிகளே ஓடுகிறது. வாடகைக்கு ஜெனரேட்டர் தந்த நிறுவனத்தின் பெயர்கூட அதில் இருக்கிறது. அந்தப் படம் உருவாகக் காரணமான பலருடைய பெயர்கள் இல்லை. தணிக்கைக்கு அனுப்புவதற்கு முந்தைய இரவில், தூக்கக் கலக்கத்தோடு, நினைவுக்கு வந்த பெயர்களை மட்டும் தட்டச்சு செய்து கொடுத்தது முழுக்க என் பிழை. சான்றிதழ் பெற்றுவிட்ட படத்தில் ஒரு பெயரைச் சேர்ப்பதென்றாலும் தணிக்கை வாரியத்துக்குத் தெரிவித்து ஒப்புதல் பெற வேண்டும், திரையரங்குகளில் ஓட்டுவதற்கான டிஜிட்டல் பிரதியை (டிசிபி) மறுபடியும் உருவாக்க வேண்டும். அதற்கான பணம் இப்போது என்னிடம் இல்லை. ஆகவே அட்டையில் விட்டதை இங்கே எழுதுகிறேன். விடுபட்டவர்களைத் தொலைபேசியில் அழைத்து மன்னிப்புக் கேட்டபோது பாதிப்பேர் தம் பெயர் பொதுவில் வர வேண்டாம் என்றார்கள். சிலர் பெயரைச் சொல்லிச் சிலர் பெயரை மறைப்பது முறையாகாது என்பதால் எவர் பெயரையும் குறிப்பிடவில்லை. செய்ததைச் சொன்னால் செய்தவருக்குத் தெரியும்.

படம் எடுக்க வருவதற்கு முன் நான் சிறுகதை எழுதிக்கொண்டிருந்தவன். 2011இல் ஒரு சிற்றிதழுக்கு அனுப்பிய முதல் கதை, பதினொரு பக்கங்களிலும் பென்சில் குறிப்புகளோடு அஞ்சலில் திரும்பி வந்தது. பாத்திரங்கள் வாய் திறவாமல் இருந்த பத்திகளில் மட்டும் ஆசிரியர் கை வைக்கவில்லை. “இவர்கள் பேசத் தொடங்கினால் உங்கள் குரல்தான் கேட்கிறது” என்று கடைசிப் பக்கத்தின் ஓரத்தில் எழுதியிருந்தார். திருத்தி மூன்றாம் முறை அனுப்பியதை அவர் வெளியிட்டார். அதற்கு முன் இரண்டு முறை திருப்பியனுப்பினாரே, அதற்காகவே அவருக்கு என் முதல் நன்றி. இன்றும் வசனம் எழுதும்போது அந்தப் பென்சில் கோடு கண்ணில் தெரிகிறது.

2013 முதல் நான்கு ஆண்டுகள் உதவி இயக்குநராக வேலை பார்த்தேன். ஓரிடத்தில் பத்து மாதச் சம்பளம் வரவே இல்லை. படப்பிடிப்பு நாட்களில் கிடைத்த தினப்படியில்தான் காலம் ஓடியது. அதை இங்கே விரித்துச் சொல்ல விருப்பமில்லை. அந்தப் பத்து மாதங்களில், சாலிகிராமத்தில் என் அறைக்குக் கீழே மெஸ் நடத்திவந்த அக்கா, கணக்கு நோட்டில் என் பக்கத்தை மட்டும் கூட்டிப் போடாமலேயே வைத்திருந்தார். தொகையைச் சொன்னால் நான் கூச்சப்பட்டு ஒரு வேளைச் சாப்பாட்டை நிறுத்திவிடுவேன் என்பது அவருக்குத் தெரிந்திருந்தது. பின்னர், ஆவணப்படங்களுக்கு நேர்காணல்களைக் கேட்டு எழுதிக் கொடுத்துச் சேர்த்த பணத்தோடு நான் போய் நின்றபோது, நோட்டைத் திறக்காமலே ஏதோ ஒரு தொகையைச் சொல்லிக் கணக்கை முடித்தார். அது நான் சாப்பிட்டதில் பாதிக்குக்கூட வராது.

குஜராத்தில் ஐந்து லட்சம் பால் உற்பத்தியாளர்கள் ஆளுக்கு இரண்டு ரூபாய் கொடுத்து 1976இல் ‘மந்தன்’ என்ற இந்திப் படம் உருவானதையும், நம் ‘அக்கிரகாரத்தில் கழுதை’யை எடுத்த ஜான் ஆபிரகாம் கேரளத்தில் ஒடேசா என்ற மக்கள் திரைப்பட இயக்கத்தின் வழியாக ஊர் ஊராகப் பணம் திரட்டி 1986இல் ‘அம்ம அறியான்’ எடுத்ததையும் பேசிப் பேசியே வளர்ந்தவர்கள் நாங்கள். பேசுவதற்கு இனிக்கும். உண்டியலை நாமே கையில் எடுத்தபோதுதான், தெரிந்தவர்களிடம் வாங்கிய ஐந்நூறு ரூபாய், வட்டிக்கு வாங்கிய ஐம்பதாயிரத்தைவிடக் கனமாக உறுத்தும் என்று புரிந்தது. எங்களுக்கு 143 பேர் பணம் தந்தார்கள். அவர்கள் பெயர்கள் அட்டையில் இருக்கின்றன. ஒவ்வொருவருக்கும் தன் கையால் ரசீது எழுதி, மாதந்தோறும் வரவு செலவை அனுப்பி, “கேமரா வாடகையில் ஏன் இரண்டு நாள் கூடுதல்?” என்று என்னை நிற்க வைத்துக் கேட்ட, வங்கியில் இருந்து ஓய்வுபெற்ற பெரியவரின் பெயர் இல்லை. ஐயா, உங்கள் கேள்விகளுக்குப் பயந்துதான் படம் 23 நாட்களில் முடிந்தது.

அந்த 23 நாட்களும், 2019 பிப்ரவரியில், திருவண்ணாமலை மாவட்டம் செங்கத்தை அடுத்து ஜவ்வாது மலை தெரியும் ஒரு சிற்றூரில் கழிந்தன. நடித்தவர்களில் பெரும்பாலோர் அவ்வூர்க்காரர்கள். டப்பிங் அறையில் நின்று உதட்டசைவுக்கு ஏற்பப் பேசச் சொன்னால் அவர்களுடைய பேச்சின் உயிர் போய்விடும் என்பதால் நேரடி ஒலிப்பதிவு என்று முடிவு செய்திருந்தோம். முடிவு என்னுடையது, அதற்கு விலை கொடுத்தவர் வேறொருவர். படப்பிடிப்பு நடந்த வீட்டிலிருந்து கூப்பிடு தொலைவில் ஒரு கிணறும் மோட்டாரும் இருந்தன. மோட்டார் ஓடத் தேவையான மும்முனை மின்சாரம் பகலில் வரும் நேரமெல்லாம் அது ஓடும். எங்களுக்கு நல்ல வெளிச்சம் இருப்பதும் அதே நேரத்தில்தான். கதவைச் சாத்தினோம், சன்னலில் போர்வை கட்டினோம். மைக்கில் உறுமல் விழுந்துகொண்டே இருந்தது. மூன்றாம் நாள் ஒலிப்பதிவாளர் ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு எழுந்துபோய் வேப்பமரத்தடியில் உட்கார்ந்துகொண்டார்.

மோட்டாருக்கு உரியவரிடம் போய் நிறுத்தச் சொல்லிக் கேட்டேன். அவருடைய ஒன்றரை ஏக்கர் மல்லாட்டையில், அதாவது நிலக்கடலையில், காயாகப் போகும் விழுது மண்ணுக்குள் இறங்கும் பருவம் அது என்பதோ, அப்போது ஒரு தண்ணீர் தவறினாலும் காய் பிடிப்பது குறையும் என்பதோ எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் கேட்கத் துணிந்திருக்கமாட்டேன். அவர் சிறிது நேரம் யோசித்துவிட்டு, “ஒரு தபா நிறுத்துனா எத்தினி நிமிசம்?” என்றார். மறுநாளிலிருந்து ஸ்டார்ட்டர் பெட்டிக்கு அருகே துண்டு விரித்து உட்கார்ந்துவிட்டார். எங்கள் பையன் வீட்டு வாசலில் நின்று சிவப்புத் துண்டைத் தூக்கினால் நிறுத்துவார், இறக்கினால் போடுவார். ஒவ்வொரு முறை நிறுத்தும்போதும் வாய்க்காலில் ஓடிய நீர் மண்ணில் சுவறிவிடும், மறுபடியும் கடைமடைக்குப் போய்ச் சேர நேரமாகும் என்பதை அவர் எங்களிடம் சொல்லவில்லை. பகலில் விட்டுப்போன தண்ணீரை, முறை வைத்து இரவில் வரும் மின்சாரத்தில் கைவிளக்கோடு நின்று பாய்ச்சினார் என்று கடைசி நாளில் அவர் மனைவி சொல்லித்தான் தெரியும். ஈடாகப் பணம் கொடுத்தோம், வாங்கவில்லை. படத்தின் ஒலியைப் பாராட்டி வந்த ஒவ்வொரு சொல்லையும், ஒலிப்பதிவாளரின் ஒப்புதலோடு, மோட்டாரை நிறுத்தித் தந்த அவரிடம் சேர்ப்பிக்கிறேன்.

படத்தில் ஆடுகள் வருகின்றன. ஒரு கோழி வந்தாலும் விலங்குகள் நல வாரியத்தின் முன் அனுமதி வேண்டும். திருவான்மியூரில் இருந்த அதன் அலுவலகம் அப்போது அரியானாவின் பல்லப்கருக்கு மாறியிருந்தது. கடிதங்கள் போய் வந்த இழுபறியை விட்டுவிடுகிறேன். ஆடுகளுக்கு உடல்தகுதிச் சான்று எழுத வந்த கால்நடை மருத்துவர், ஓர் ஆடு வயிறு உப்பிச் சாகும் காட்சியைப் படித்துவிட்டு, அப்படிச் சாகும் ஆடு நான் எழுதியதுபோல் கத்தாது என்றார். அந்தக் காட்சி அவர் சொன்னபடி மௌனமாக மாற்றி எழுதப்பட்டது. எழுத்தில் பங்கு கொடுத்திருக்க வேண்டிய இடம். நன்றிகூடச் சொல்லாமல் விட்டேன்.

பிறகு படத்தொகுப்பு, கொரோனா ஊரடங்கில் நின்றுபோன ஒலிக்கலவை, 2022இல் ஒன்பது திரையரங்குகளில் காலைக் காட்சியாக வெளியீடு. நான்காம் நாள் எல்லா இடங்களிலும் எடுத்துவிட்டார்கள். மூன்றாம் நாள் ஓரிடத்தில் மூன்றே பேர் வந்திருந்தார்கள். ஐந்து பேராவது இல்லாமல் அங்கே காட்சி ஓட்டுவதில்லை. அந்த அரங்கின் ஆபரேட்டர் தன் பணத்தில் இரண்டு டிக்கெட் எடுத்துவிட்டுப் படத்தை ஓட்டினார். வந்திருந்த மூவரில் ஒருவன் நான் என்பது அவருக்குத் தெரியாது. தம்பி, இப்போது தெரிந்திருக்கும்.

ஒலிப்பதிவாளருக்கும் உதவி இயக்குநர்கள் இருவருக்கும் ஊதியத்தில் பாக்கி இருக்கிறது. நன்றி சொல்லி அதை நேர்செய்ய முடியாது. அடுத்த படத்துக்கு முன்பணம் வாங்கியதும் முதலில் அதைத்தான் கொடுப்பேன் என்று மூவருக்கும் எழுதிக் கொடுத்திருக்கிறேன்.

மோட்டாரை நிறுத்தித் தந்த செங்கம் பக்கத்து ஐயா இன்னும் படத்தைப் பார்க்கவில்லை. அடுத்த மாதம் அவருடைய களத்து மேட்டில் திரை கட்டப்போகிறோம். நாள் குறிக்கக் கேட்டபோது, இரவு மின்சாரம் தங்கள் பக்கத்துக்கு வராத வாரமாகப் பார்த்து வரச் சொன்னார். அந்த அட்டவணைக்காகக் காத்திருக்கிறோம்.

நன்றியுடன்,
அப்படத்தை எழுதி இயக்கியவன்