வெம்பிளி நிகழ்ச்சிப் படம்: ஒரு திருத்தம்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். மைக்கேல் ஜாக்சன் 1988 ஜூலை 16 அன்று லண்டன் வெம்பிளி மைதானத்தில் நடத்திய இசை நிகழ்ச்சியின் படத்தைப் பற்றித் தங்கள் ஞாயிறு மலரில் வந்த கட்டுரை, படம் மங்கலாக இருப்பதற்கு வெளியிட்டவர்களின் அக்கறையின்மையே காரணம் என்று முடிவு கட்டியிருக்கிறது. பாலக்காட்டுக்குக் கிழக்கே, தமிழ்நாட்டு எல்லையை ஒட்டிய எங்கள் ஊரில் பதினொரு ஆண்டுகள் வீடியோ கேசட் வாடகைக் கடை நடத்தியவன் என்ற முறையில் இதை என்னால் ஏற்க முடியவில்லை.

அது திரைப்படச் சுருளில் எடுக்கப்பட்டதன்று. 72,000 பேர் கூடியிருந்த மைதானத்தில் எட்டத்தில் நின்றவர்களுக்காக ராட்சதத் திரைகளில் காட்டிய காட்சியே நாடாவில் பதிவாகியிருந்தது. ‘பேட்’ இசைத் தொகுப்பின் 25ஆம் ஆண்டையொட்டி 2012இல் அதை வெளியிட முனைந்தபோது மூல நாடா கிடைக்காமல், ஜாக்சன் தம்மிடம் வைத்திருந்த வி.எச்.எஸ். (வீடுகளில் ஓட்டும் வீடியோ கேசட்) பிரதியையே எடுத்துச் சீரமைத்தார்கள். ஒலியோ பல தடங்களில் தனித்தனியே பதிவான மூல நாடாக்களிலிருந்து வந்தது. பாட்டு துல்லியமாகக் கேட்பதும் படம் கலங்கித் தெரிவதும் அதனால்தான்.

வி.எச்.எஸ். நாடாவில் கிடைமட்டத் தெளிவு, அதாவது பக்கவாட்டில் பிரித்துக் காட்டக்கூடிய நுணுக்கம், ஏறத்தாழ 240 கோடுகள்தான். நிறம் அதைவிட மோசம். சிவப்பு ஓரம் தாண்டிக் கசியும். எங்கள் பக்கம் மழை குறைவு என்றாலும், இடவப்பாதி எனும் தென்மேற்குப் பருவமழை தொடங்கிவிட்டால் கடையில் பாதி கேசட்டுகளில் வெள்ளைப் பூஞ்சை பிடித்துவிடும். துடைத்து ஓட்டினாலும் கேசட்டை ஓட்டும் வி.சி.ஆர். கருவியில் நாடாவைப் படிக்கும் ‘ஹெட்’ அடைத்துக்கொள்ளும். (அப்படி வீணான கேசட்டுகளுக்கு நான் கொடுத்த விலையை இன்றும் வீட்டில் சொல்லிக் காட்டுவார்கள்.) இருபத்து நான்கு ஆண்டுகள் கடந்த ஒரு நாடா முழு நிகழ்ச்சியும் ஓடும் நிலையில் இருந்ததே பெரிது. கணினியைக் கொண்டு படத்தில் தெரியும் இரைச்சல் புள்ளிகளை அடியோடு வழித்தெடுத்திருந்தால் முகங்கள் மெழுகுப் பொம்மைகளைப் போல ஆகியிருக்கும். அதைச் செய்யாமல் விட்டதைப் பிழை என்பதைவிடப் பக்குவம் என்பேன்.

அன்று இளவரசர் சார்லஸும் டயானாவும் வந்திருந்ததைக் கட்டுரையாளர் குறித்திருக்கிறார். டயானாவுக்கு மரியாதை கருதி விலக்கிய ‘டர்ட்டி டயானா’ பாடலை, அவரே விரும்பிக் கேட்டதாகப் பின்னாளில் ஜாக்சன் பேட்டியில் சொன்னார். அந்தப் பாடலும் இந்த நாடாவில்தான் தப்பியிருக்கிறது.

கட்டுரையின் மற்ற கருத்துகளில் எனக்கு மாறுபாடில்லை. ‘அக்கறையின்மை’ என்ற அந்த ஒரு சொல்லை மட்டும் அடுத்த மலரில் திரும்பப் பெறுமாறு வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
முன்னாள் வீடியோ கடைக்காரர்,
கொழிஞ்சாம்பாறை, பாலக்காடு மாவட்டம்