மான்ட்ரியலிலிருந்து, சீரியலில் நடிக்கும் தங்கைக்கு

மான்ட்ரியல்,
டிசம்பர், சனிக்கிழமை

அன்புள்ள தங்கச்சிக்கு,

நீ அனுப்பிய குரல் செய்தியை பஸ்ஸிலேயே கேட்டேன். போனில் பதில் சொன்னால் பாதியில் யாராவது கூப்பிட்டுவிடுவார்கள், அதனால் உட்கார்ந்து எழுதுகிறேன். அம்மாவுக்குப் படித்துக் காட்டு. மாமாவுக்கு வேண்டாம்.

முதலில் அம்மாவின் கேள்விகளை முடித்துவிடுகிறேன். குளிர் இருக்கிறது, ஆனால் வீட்டுக்குள் ஹீட்டர் உண்டு, ஒரு ஸ்வெட்டர் போதும். வெளியேதான் சிரமம். இந்த ஊரில் பல பழைய வீடுகளுக்கு மாடிப்படி தெருப்பக்கம், திறந்த வெளியில் இருக்கிறது. பனி விழுந்த மறுநாள் உப்புத் தூவாமல் இறங்கினால் இடுப்பு போய்விடும். ராத்திரியில் பனி அள்ளும் வண்டிகளுக்கு முன்னால் இழுவை வண்டி ஒன்று சைரன் ஊதிக்கொண்டு வரும், காரை எடுக்க மறந்தவர்கள் பைஜாமாவோடு ஓடிவருவார்கள். நமக்குத்தான் கார் இல்லையே, நான் புரண்டு படுத்துக்கொள்வேன். அரிசி, புளி, கருவேப்பிலை எல்லாம் கோத்-தே-நேஜ் பக்கத்து இலங்கைத் தமிழர் கடைகளில் கிடைக்கிறது. கருவேப்பிலைக்குக் கொடுக்கிற விலையை அம்மாவிடம் சொல்லாதே.

வேலை அதே முதியோர் இல்லத்தில்தான். சாயங்கால ஷிஃப்ட். காலையில் பிரெஞ்சு வகுப்பு, அரசாங்கம் இலவசமாக நடத்துவது. வகுப்பில் கற்றுத்தரும் பிரெஞ்சு ஒன்று, எங்கள் இல்லத்துப் பாட்டிகள் பேசுகிற, இந்த கியூபெக் மாகாணத்துக்கே உரிய பிரெஞ்சு வேறொன்று. "டிவி பார், காது பழகும்" என்றார் டீச்சர். அப்படித்தான் இந்த ஊர் நடிகைகள் எனக்கு அறிமுகமானார்கள்.

சரி, உன் விஷயத்துக்கு வருகிறேன். சீரியலில் நல்ல வேஷம் வந்திருக்கிறது, ஆனால் "டிவி முகம் ஆகிவிட்டால் சினிமாவில் சேர்க்க மாட்டார்கள்" என்று அந்த உதவி இயக்குநர் பயமுறுத்துகிறார், மாமாவும் ஒத்து ஊதுகிறார். அதானே? நான் கோடம்பாக்கத்தைப் பற்றி உனக்குச் சொல்ல முடியாது. இங்கே ஒரு நடிகையைக் கவனித்து வருகிறேன், அவரைப் பற்றிச் சொல்கிறேன்.

பெயர் கரீன் வனாஸ். 1983-இல் பிறந்தவர். ஊர் டிரமண்ட்வில், மான்ட்ரியலிலிருந்து கியூபெக் நகரத்துக்குப் போகிற வழியில் இருக்கிறது. பதின்ம வயதில் 'லே தெப்ருயார்' என்ற சிறுவர் அறிவியல் நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்கினார். டிவியில்தான் ஆரம்பம், பார்த்துக்கொள். அப்புறம் 1999-இல் லேயா பூல் இயக்கிய 'ஆம்போர்த் முவா' படத்தில், 1960களின் மான்ட்ரியலில் வளரும் சிறுமியாக நடித்தார். வீட்டில் ஆயிரம் பிரச்சினை, அந்தப் பெண் தியேட்டரில் பிரெஞ்சு இயக்குநர் கோதாரின் படம் ஒன்றைப் பார்த்து அதன் நாயகி அன்னா கரினா மாதிரி நடந்து பார்ப்பாள். அந்தக் காட்சிகளைப் பார்த்தபோது, பழைய படம் ஒளிபரப்பாகும் நாட்களில் நீ கண்ணாடி முன் நின்று செய்ததெல்லாம் ஞாபகம் வந்து சிரித்துவிட்டேன். கியூபெக் சினிமாவுக்கான ஜூத்ரா விருதுகளில் சிறந்த நடிகை விருது கரீன் வனாஸுக்குக் கிடைத்தது. அந்த விருதுக்கு இப்போது இரிஸ் என்று பெயர்.

ஆனால் எங்கள் இல்லத்தில் அவரை எல்லாரும் அறிந்தது டோனால்டாவாக. இது மாமாவுக்கே சொல்ல வேண்டிய கதை. 1933-இல் குளோத்-ஆன்ரி கிரிஞ்ஞோன் என்பவர் ஒரு நாவல் எழுதினார். வடக்கே மலைக்காட்டில் குடியேறிய கிராமம், அங்கே செராஃபின் என்ற மகா கஞ்சன். அப்பாவின் கடனுக்காக அவனுக்குக் கட்டிவைக்கப்பட்ட இளம்பெண் டோனால்டா. இந்தக் கதை 1939-இல் ரேடியோ நாடகமாகி இருபது வருஷத்துக்கு மேல் ஓடியது. அது ஓடிக்கொண்டிருக்கும்போதே 1956-இல் டிவி தொடராகவும் வந்து, 1970 வரை நீண்டது. அதற்கும் முப்பது வருஷம் கழித்து, 2002-இல் ஷார்ல் பினாமே இயக்கத்தில் பெரிய படமானது. கியூபெக் தியேட்டர்களில் கூட்டம் அள்ளியது. டோனால்டா கரீன் வனாஸ், கஞ்சன் பியேர் லெபோ. இருவருக்குமே ஜூத்ரா.

மூன்றாம் மாடிப் பாட்டி ஒருவர் டோனால்டாவைப் பற்றிப் பேசுவதைக் கேட்க வேண்டுமே! "பாவம் அந்தப் பெண், அவளுக்கு ஒரு டாக்டரைக்கூடக் கூப்பிடவில்லையே அவன்" என்று பக்கத்து வீட்டில் நடந்தது போல அங்கலாய்ப்பார். ரேடியோவில் கேட்டது, டிவியில் பார்த்தது, சினிமாவில் பார்த்தது எல்லாம் அவருக்கு ஒரே டோனால்டாதான். இதில் டிவி உசத்தியா சினிமா உசத்தியா என்று அவரிடம் போய்க் கேட்டால் கேள்வியே புரியாது.

இங்கே சாயங்காலம் ஏழு மணி என்றால் சீரியல் நேரம். 'டிஸ்ட்ரிக்ட் 31' என்று போலீஸ் தொடர் ஒன்று 2016-லிருந்து 2022 வரை வாரத்தில் நான்கு நாள் ஓடியது, அதன் இடத்தில் இப்போது 'ஸ்டாட்' என்ற ஆஸ்பத்திரித் தொடர். ஏழு மணிக்கு மாத்திரை கொடுக்கப் போனால் ஒருவரும் வாய் திறக்க மாட்டார்கள், விளம்பர இடைவேளை வர வேண்டும். மொத்த மாகாணமே தொண்ணூறு லட்சம் பேர்தான். சுற்றிலும் ஆங்கிலக் கடல். இந்தச் சின்னக் கூட்டம் தன் மொழியில் தனக்கான டிவியை விடாமல் பார்க்கிறது. ஆள் குறைவு என்பதால் அதே நடிகர்கள்தான் நாடக மேடை, சீரியல், சினிமா, விளம்பரம், டப்பிங் எல்லாவற்றிலும். இன்னொரு காரணமும் எனக்குத் தோன்றுகிறது. சினிமாவை மட்டும் நம்பினால் இங்கே யாராலும் வாடகை கட்ட முடியாது.

கரீன் வனாஸ் செய்ததில் என்னை உலுக்கியது 'பொலிடெக்னீக்' என்ற படம். இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அந்தக் கதை நிஜமாக நடந்த இடம் நான் குடியிருக்கும் பக்கம்தான். மோன் ரோயால் மலைச்சரிவில் பெரிய இன்ஜினியரிங் கல்லூரி. 1989 டிசம்பர் 6 மாலை ஒருவன் துப்பாக்கியோடு உள்ளே வந்தான். ஒரு வகுப்பறையில் ஆண்களை வெளியே போகச் சொல்லிவிட்டு, பெண்களை மட்டும் நிறுத்திச் சுட்டான். அன்று இறந்தவர்கள் 14 பேர், எல்லாரும் பெண்கள். இன்றும் அந்தத் தேதியில், இருட்டிய பிறகு, மலை மேலிருந்து இறந்தவர்களின் நினைவாக வானத்தில் ஒளிக்கற்றைகள் ஒவ்வொன்றாக எழுப்புகிறார்கள். போன வாரம் வகுப்புத் தோழிகளோடு நானும் போய் நின்றேன். காதுக்குல்லாவையும் மீறிக் குளிர் ஏறியது, யாரும் நகரவில்லை.

இதைப் படமாக எடுக்கலாமா, காயத்தைக் கிளற வேண்டுமா என்று இங்கே பெரிய வாக்குவாதம் நடந்ததாம். கரீன் வனாஸ் அதில் நடித்தது மட்டுமல்ல, அந்தப் படம் உருவாகவே முன்நின்றவர்களில் ஒருவர், தயாரிப்பிலும் பங்கெடுத்தார். அப்போது அவருக்கு வயது இருபதுகளின் நடுவில். இயக்கம் டெனி வில்நெவ், ஆமாம், பிற்பாடு 'டியூன்' எடுத்தாரே, அவரேதான். 2009-இல் வந்தது, கறுப்பு வெள்ளை, ஒன்றேகால் மணி நேரத்துக்குச் சற்றே அதிகம். கொலையாளிக்குப் படத்தில் பெயரே இல்லை. கரீன் வனாஸ் இதில் வலேரி என்ற மாணவி, கற்பனைப் பாத்திரம். தொடக்கத்தில் அவள் வேலைப் பயிற்சிக்கான நேர்காணலுக்குப் போவாள். எதிரே உட்கார்ந்திருப்பவர், பெண்களுக்கு இந்தப் பிரிவு ஒத்துவருமா, குழந்தை குட்டி என்று ஆனால் என்ன செய்வாய் என்கிற தினுசில் பேசுவார். வலேரி முகத்தில் சிரிப்பை வைத்துக்கொண்டே பதில் சொல்வாள். உனக்கும் எனக்கும் அந்தச் சிரிப்பு நன்றாகத் தெரியும். துப்பாக்கிச் சூட்டை விட அந்தக் காட்சிதான் எனக்கு ரொம்ப நேரம் உள்ளே கிடந்தது. பிரெஞ்சிலும் ஆங்கிலத்திலும் தனித்தனியாகப் படம்பிடித்தார்கள், அதாவது இந்த நடிகர்கள் அந்த வேதனையை இரண்டு முறை நடிக்க வேண்டியிருந்தது. சிறந்த நடிகைக்கான ஜீனி விருது இவருக்கு வந்தது. ஜீனி அப்போது கனடா முழுமைக்குமான சினிமா விருது.

இவ்வளவு பெரிய படத்துக்குப் பிறகு அம்மணி எங்கே போனார் தெரியுமா? டிவிக்கு! 2011-இல் அமெரிக்க ஏபிசி சேனலின் 'பான் ஆம்' தொடரில் கொலெட் என்ற விமானப் பணிப்பெண். சக பணிப்பெண்களில் ஒருவர் மார்கோ ராபி, அவரை அப்போது அமெரிக்காவில் அதிகம் பேருக்குத் தெரியாது. தொடர் ஒரே சீசனில் நின்றுவிட்டது. இவர் மூட்டை கட்டவில்லை. 2013-இல் 'ரிவெஞ்ச்' தொடரில் மார்கோ லெமார்ஷால் என்ற பத்திரிகை அதிபராக நுழைந்து, 2015-இல் அது முடியும் வரை இருந்தார். இரண்டிலும் அவர் பிரான்ஸ் நாட்டுப் பெண். அமெரிக்கக்காரர்களுக்கு பிரெஞ்சு என்றால் பாரிஸ் மட்டும்தான் போலிருக்கிறது. நம் ஊர்க்காரர்களை மும்பைக்காரர்கள் எப்படி எழுதுவார்கள் என்று உனக்குத் தெரியாததா.

அப்புறம் திரும்பி வந்தார், அதுதான் எனக்குப் பிடித்தது. பிரெஞ்சில் 'ப்ளூ மூன்' என்ற அதிரடித் தொடர். கூடவே ஆங்கிலத்தில் 'கார்டினல்', 2017 முதல் 2020 வரை நான்கு சீசன். வட ஒன்டாரியோவின் பனியில், நார்த் பே, சட்பரி பக்கம் எடுத்தது. பில்லி கேம்பெலும் இவரும் துப்பறியும் போலீஸார். லீஸ் டெலோர்ம் என்ற அந்தப் பாத்திரத்தில் அவருக்கு வசனம் கம்மி, கவனிப்பது அதிகம். கதாநாயகன் பேசும்போது இவர் முகத்தைப் பார், நடிப்புப் பாடமே அங்கே இருக்கிறது. 2023-இல் 'பிளான் பி' என்ற கியூபெக் தொடரை ஆங்கிலத்தில் மறுபடி எடுத்தபோது அதிலும் இவரே நாயகி. பிரெஞ்சில் பிறந்த சரக்கு ஆங்கிலத்துக்குப் போகிறது, நடிகையும் கூடவே போகிறார்.

உனக்கு எது பயன்படும் என்று கேட்டால், முகத்தை வைத்து யாரும் உன்னைப் பெட்டியில் போட முடியாதபடி வேஷங்களை மாற்றிக்கொண்டே இரு என்பேன். இவர் அறிவியல் நிகழ்ச்சி, கிராமத்துப் பெண், மாணவி, பணிப்பெண், போலீஸ் என்று தாவியிருக்கிறார். டிவியா சினிமாவா என்பதை விட ஒரே அழுகையை வருஷக்கணக்கில் அழ வேண்டியிருக்குமா என்பதைத்தான் நீ விசாரிக்க வேண்டும். இங்கே பிரெஞ்சு நடிகர்களுக்கு 'யூனியோன் தே ஆர்திஸ்த்' என்று சங்கம் இருக்கிறது, குறைந்தபட்சச் சம்பளத்தைத் தயாரிப்பாளர்களோடு பேசி எழுத்தில் முடித்துவைத்திருக்கிறார்கள். உனக்கு அந்த வசதி எவ்வளவு இருக்கிறதோ தெரியாது. அதனால் நாள் சம்பளம் எவ்வளவு, மாதம் எத்தனை நாள் ஷூட்டிங், இடையில் படம் வந்தால் விடுவார்களா, இந்த மூன்றையும் கையெழுத்துக்கு முன் காகிதத்தில் வாங்கு. அந்த உதவி இயக்குநர் இதுவரை உனக்கு எந்தப் படத்திலும் வாய்ப்பு வாங்கித் தரவில்லை என்பதையும் ஞாபகம் வைத்துக்கொள்.

அம்மாவிடம் மூட்டு வலி மாத்திரையை விடாமல் போடச் சொல். பணம் செவ்வாய்க்கிழமை வந்துவிடும். சீரியலை ஒத்துக்கொண்டால் எந்த சேனல், எத்தனை மணி என்று உடனே எழுது. அங்கே ராத்திரி ஒன்பது என்றால் இங்கே காலை பத்தரை, வகுப்பில் இடைவேளை நேரம்தான், பார்த்துவிடுவேன்.

அன்புடன்,
அக்கா