அத்தைக்கு, சைக்கிள் கற்றுக்கொள்வது பற்றி

அன்புள்ள அத்தைக்கு,

வணக்கம். ஐம்பத்தைந்து வயதில் ஒரு பெண் சைக்கிள் கற்றுக்கொள்ள முடியுமா, கற்றுக்கொண்டாலும் இனிமேல் அதனால் என்ன ஆகப்போகிறது என்று போன வாரம் தொலைபேசியில் கேட்டீர்கள். முதல் கேள்விக்கு முடியும் என்று அப்போதே சொன்னேன். இரண்டாவது கேள்விக்குச் சற்று விரிவாகவே பதில் சொல்ல வேண்டும். இதே கேள்வியை மனத்தில் வைத்துக்கொண்டு யாரிடமும் கேட்கக் கூசும் பெண்கள் பலர் இருப்பார்கள் என்பதால், உங்கள் அனுமதியோடு இதை எல்லோரும் படிக்கும்படி எழுதுகிறேன்.

நீங்கள் திருமணமாகிப் புதுக்கோட்டைப் பக்கம் போன அதே காலத்தில்தான் அந்த மாவட்டத்தில் அறிவொளி இயக்கம் நடந்தது. 1991-ல் தொடங்கிய அந்த எழுத்தறிவு இயக்கத்தில், அப்போது ஆட்சியராக இருந்த ஷீலா ராணி சுங்கத், பெண்கள் சைக்கிள் கற்பதையும் எழுத்துக் கற்பதோடு சேர்த்தே வைத்தார். கையெழுத்துப் போடக் கற்றுக்கொண்ட பெண் அடுத்த ஊருக்குப் போக இன்னொருவர் கையை எதிர்பார்த்து நிற்க வேண்டியிருந்தால் அந்தக் கல்வி பாதியில் நின்றுவிடும் என்ற அந்தத் தெளிவை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மதிப்புக் கூடுகிறது. ஏறத்தாழ ஒன்றரை ஆண்டுக் காலத்தில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட கிராமத்துப் பெண்கள் சைக்கிள் ஓட்டக் கற்றார்கள். விவசாயக் கூலிகள், கல்குவாரித் தொழிலாளிகள், அங்கன்வாடிப் பணியாளர்கள், கிராமச் செவிலியர்கள், ஆசிரியைகள் என்று எல்லோரும் அதில் இருந்தார்கள். உங்கள் தெருப் பெண்கள் மாலை நேரத்தில் பழகியதை வாசற்படியில் நின்று பார்த்ததையும், மாமியாரிடம் கேட்கத் துணியாமல் இருந்துவிட்டதையும் நீங்களே என்னிடம் பலமுறை சொல்லியிருக்கிறீர்கள்.

பத்திரிகையாளர் பி. சாய்நாத் அந்தப் பெண்களை நேரில் சந்தித்து எழுதியிருக்கிறார். பெண்களுக்கான சைக்கிள் கடைகளில் கிடைக்காமல் போனபோது அவர்கள் ஆண்கள் சைக்கிளையே வாங்கி ஓட்டினார்கள். முன்னால் இருக்கும் பாரில் பிள்ளையை உட்கார வைத்துக்கொள்ளலாம் என்பதற்காக அதையே விரும்பி வாங்கியவர்களும் உண்டு. பின்னால் தண்ணீர்க் குடங்களும் முன்னால் குழந்தையுமாக ஒரே நடையில் இரண்டு மூன்று வேலைகளை முடித்துக்கொண்டு திரும்பினார்கள். விளைந்ததைச் சந்தைக்குக் கொண்டுபோய் விற்கும் பெண், பேருந்து நிறுத்தம் வரை நடந்து, பேருந்துக்குக் காத்திருந்து, விற்றது பாதி விற்காதது பாதியாகத் திரும்பும் பேருந்தைப் பிடிக்க ஓடிவரும் நிலை மாறி, இன்னும் இரண்டு ஊர்களுக்குப் போய் நிதானமாக விற்றுவிட்டு வர முடிந்தது. வருமானம் கூடியது உண்மை. ஆனாலும் அந்தப் பெண்களுக்கு அதைவிடப் பெரிதாகப் பட்டது தம்மைப் பற்றித் தமக்கே உண்டான மதிப்பு என்பதை அவர் எழுதியதிலிருந்து அறிந்துகொள்கிறோம்.

அத்தை, சைக்கிள் ஒருவருக்கு முதலில் தருவது புறப்படும் நேரத்தின் மீதான உரிமை என்று நான் நினைக்கிறேன். பேருந்து வரும் நேரம் ஊருக்குப் பொதுவானது; மாமாவின் வண்டி கிளம்பும் நேரம் அவர் வேலைக்கு ஏற்றது. கோயிலுக்கோ மருந்துக் கடைக்கோ தோழி வீட்டுக்கோ போக வேண்டும் என்று நினைத்த பிறகு, அந்த நினைப்பை யாரிடமாவது சொல்லி, அவர்களுக்கு ஒழியும்வரை காத்திருந்தே முப்பது ஆண்டுகளுக்கும் மேல் கழித்திருக்கிறீர்கள். நம் வீட்டுப் பெண்களின் பொழுது எவ்வளவு இப்படிக் காத்திருப்பதிலேயே போயிருக்கிறது என்பதை எண்ணினால் எனக்கு ஆற்றாமையாக இருக்கிறது. பீகாரில் 2006-ல் ஒன்பதாம் வகுப்பு மாணவிகளுக்கு அரசு சைக்கிள் வழங்கத் தொடங்கியபோது, உயர்நிலைப் பள்ளியில் சேரும் பெண்களின் அளவு ஏறத்தாழ 32 சதவீதம் உயர்ந்ததாகப் பொருளியல் ஆய்வாளர்கள் கணித்தார்கள். பள்ளி மூன்று கிலோமீட்டருக்கு அப்பால் இருந்த ஊர்களில்தான் பலன் மிகுதி. படிப்பில் ஆசையும் படிக்கும் திறனும் அந்தப் பிள்ளைகளிடம் ஏற்கெனவே இருந்தன. நடுவில் கிடந்த தூரம் மட்டுமே தடையாக இருந்தது.

பயனை மட்டுமே சொன்னால் பாதியைச் சொன்னதாகவே ஆகும். சைக்கிள் ஓட்டுவதில் உடம்புக்கு ஒரு தனி மகிழ்ச்சி இருக்கிறது. ஒரு தூரத்தை நடந்து கடக்கச் செலவாகும் ஆற்றலில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு இருந்தால் அதே தூரத்தைச் சைக்கிளில் கடந்துவிடலாம். எந்த எரிபொருளும் இல்லாமல் நம் காலின் வலுவே இவ்வளவு தூரம் கொண்டுசெல்கிறது என்பதை முழங்காலும் மூச்சும் உணரும்போது உண்டாகும் நிறைவு, வேறு எந்த வாகனத்திலும் எனக்குக் கிடைத்ததில்லை. இலை அசையாத புழுக்கமான மாலையிலும் மிதித்தால் முகத்துக்குக் காற்று வரும். நெல் அவிக்கும் வாசனையும், எதிரே வருபவரின் முகமும், அவரிடம் ஒரு வார்த்தை நின்று பேசிவிட்டுப் போகும் வசதியும் தப்பிப்போகாத வேகம் அது. இறக்கத்தில் மிதிப்பதை நிறுத்திவிட்டு வண்டியை அதன் போக்கில் விடும்போது, பொறுப்புகளே இல்லாத ஒரு நிமிடம் எந்த வயதினருக்கும் கிடைக்கிறது. உங்களுக்கும் அது கிடைக்க வேண்டும் என்று மிகவும் விரும்புகிறேன்.

விழுந்துவிடுவோம் என்ற பயத்தை நான் குறைத்து மதிப்பிடவில்லை. உங்கள் வயதில் எலும்பு முறிந்தால் எளிதில் கூடாது. ஆகவே முறையாகவே கற்றுக்கொள்வோம். 1817-ல் ஜெர்மனியின் மான்ஹைம் நகரில் கார்ல் டிரைஸ் ஓட்டிக் காட்டிய முதல் இருசக்கர வண்டியில் பெடலே கிடையாது. இரண்டு கால்களாலும் தரையை உந்தியே அவர் சென்றார். நீங்களும் அங்கிருந்தே தொடங்குங்கள். சைக்கிள் கடையில் இரண்டு பெடல்களையும் கழற்றச் சொல்லுங்கள் (இடப்பக்கப் பெடலின் மரை எதிர்த்திசையில் சுழல்வது, நாமே முயன்றால் மரை கெட்டுவிடும்). உட்கார்ந்தபடி இரண்டு பாதங்களும் முழுதாகத் தரையில் படியும்படி சீட்டை இறக்கிவிட வேண்டும். காலால் உந்தி உந்தி நகர்ந்து, பிரேக் பிடித்து நிறுத்திப் பழகினால், நிதானம் தானாக வந்துவிடும். பெடல் அதற்குப் பிறகு வரட்டும்.

வண்டி எந்தப் பக்கம் சாய்கிறதோ அந்தப் பக்கமே ஹேண்டில்பாரைத் திருப்ப வேண்டும். அச்சம் எதிர்ப்பக்கம் இழுக்கச் சொல்லும். அப்படி இழுத்தால்தான் விழுவோம். சாயும் பக்கம் திருப்பும்போது சக்கரங்கள் நம் எடைக்கு அடியில் வந்து நம்மை நிமிர்த்திவிடுகின்றன. ஆள் இல்லாமலே சற்றுத் தூரம் ஓடும் சைக்கிள் எப்படி விழாமல் நிற்கிறது என்பதற்குச் சக்கரச் சுழற்சியே காரணம் என்று நெடுங்காலம் சொல்லிவந்தார்கள். அந்தச் சுழற்சியின் விளைவை நீக்கிவிட்டு அமைத்த ஒரு வண்டியும் தானாகவே நிமிர்ந்து ஓடியதை 2011-ல் நெதர்லாந்து, அமெரிக்க ஆய்வாளர்கள் காட்டினார்கள். சாயும் பக்கம் தானே திரும்பிக்கொள்ளும் தன்மை அந்த வண்டியிலும் இருந்தது. ஆக, வண்டி நம்மைத் தாங்கவே முயல்கிறது. அதை நம்பி முழங்கையைத் தளர்த்திக்கொள்ளுங்கள்.

ஊர் பேசுமே என்றீர்கள். 1890-களில் இங்கிலாந்தில், சைக்கிள் ஓட்டும் பெண்களின் முகம் இறுகி அழகு கெட்டுவிடும் என்று மருத்துவர்களே எச்சரித்தார்கள். புதுக்கோட்டைப் பெண்களும் கொச்சையான பேச்சுகளைக் காதில் வாங்கிக்கொண்டே பழகினார்கள். அவர்கள் திறந்த வழியில்தான் உங்கள் மகள் பதினோராம் வகுப்பில் வாங்கிய அரசுச் சைக்கிளில் யார் கண்ணையும் உறுத்தாமல் பள்ளிக்குப் போய்வந்தாள்.

அந்தச் சைக்கிள்தான் இப்போது உங்கள் தாழ்வாரத்தில் சும்மா நிற்கிறது. அத்தனை ஆண்டு நின்ற வண்டியின் டயரும் டியூபும் வெடித்திருக்கும், இரண்டையும் மாற்றிவிடுங்கள். பிரேக் கட்டையையும் புதிதாகப் போட்டு, செயினுக்கு எண்ணெய் விடச் சொல்லுங்கள். பொங்கல் விடுமுறைக்கு வந்ததும் காலை ஆறு மணிக்குப் பள்ளி மைதானத்தில் நான் உடன் இருக்கிறேன். சேலைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டால் போதும். கற்றுக்கொண்ட பிறகு முதலில் எங்கே போவது என்பதை நீங்களே முடிவு செய்யுங்கள். என்னிடமும் மாமாவிடமும் கேட்க வேண்டாம்.

அன்புடன்,
உங்கள் அண்ணன் மகள்