துறவியின் சுவரோவியங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

மறுமலர்ச்சிக் கால ஓவியர்கள் பற்றிய நூல்கள் குறித்து உங்கள் இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். ஃப்ரா ஆஞ்செலிகோவை ஒரே வரியில் கடந்துவிட்டது வருத்தம் தந்தது. அவர் டொமினிக்கன் என்னும் கத்தோலிக்கத் துறவற சபையைச் சேர்ந்த துறவி. இத்தாலியின் ஃபிளாரன்ஸ் நகரிலுள்ள சான் மார்கோ மடத்தில் சக துறவிகள் தங்கிய சிறிய அறைகளின் சுவர்களில், 1440ஐ ஒட்டிய ஆண்டுகளில் வரைந்தார். தனியே அமர்ந்து ஜெபிப்பவருக்காக வரைந்தவை அவை.

ஏழாவது அறையின் ஓவியத்தைப் பாருங்கள். கண் கட்டப்பட்ட இயேசு வெள்ளாடையில் அமர்ந்திருக்கிறார். அடிக்கும் கைகள் மட்டும் உடலின்றி அந்தரத்தில் நிற்கின்றன. காறி உமிழும் முகத்துக்குக் கழுத்துக்குக் கீழே எதுவும் இல்லை. அவர் காலடிக்குக் கீழே ஒருபுறம் மரியாள். மறுபுறம் அச்சபையை நிறுவிய புனித டொமினிக், மடியில் புத்தகத்தை விரித்து வாசித்துக்கொண்டிருக்கிறார். அவர் வாசித்து மனத்தில் காண்பதுதான் மேலே தெரியும் காட்சி என்றே எனக்குப் படுகிறது. என்னிடமுள்ள நூலொன்றில் அந்த இருவரையும் வெட்டிவிட்டு மேல்பாதியை மட்டும் அச்சிட்டிருக்கிறார்கள். ஓவியத்தின் உயிரே போய்விட்டது!

அதே மடத்தில் மாடிப்படி ஏறியதும், இயேசுவைக் கருத்தரிப்பாள் என்று வானதூதர் கபிரியேல் மரியாளுக்கு மங்கள வார்த்தை சொல்லும் ஓவியம் எதிரே நிற்கிறது. கன்னியின் உருவத்தைக் கடக்கையில் 'வாழ்க' என்று சொல்லத் தவறாதே என அதன் அடியில் லத்தீனில் எழுதியிருக்கிறது. வண்ணத்தையும் தூரத்தோற்றத்தையும் பக்கம் பக்கமாக விளக்கும் அதே நூல், இந்த வரியை மொழிபெயர்க்கவே இல்லை. அடுத்து இத்தகைய நூல்களை அறிமுகம் செய்யும்போது, படங்களை முழுமையாகவும் அவற்றின் சமயப் பொருளோடும் தருகின்றனவா என்பதையும் தயவுசெய்து எழுதுங்கள்.

– ஒரு வாசகர்