ஆண்டறிக்கை: இலங்கைச் சினிமாவின் முன்னோடிகளைப் பயின்ற ஆண்டு

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும் உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

சென்ற பொதுக்குழுவின் முடிவுப்படி, மதுரையிலுள்ள நமது திரைப்படச் சங்கம் இவ்வாண்டின் மாதக் கூட்டங்களை இலங்கையின் தொடக்ககாலச் சினிமாவுக்கு ஒதுக்கியது. அயல்நாட்டுப் படங்கள் நமக்கு எதற்கு என்று சிலர் கேட்டனர்; முதல் சிங்களப் பேசும்படமான 'கடவுனு பொரொந்துவ' நம்மூரில்தான் எடுக்கப்பட்டது என்று அறிந்தபின், அவர்களே ஒரு கூட்டமும் தவறாமல் வந்தனர்.

இலங்கையின் முதல் கதைப்படம் 1925இல் நூர்பாய் தயாரித்த 'ராஜகீய விக்கிரமய'. பின்னாளில் இடதுசாரித் தலைவராக உயர்ந்த என்.எம். பெரேரா நடித்த அந்தப் படச்சுருள், சொந்த நாட்டில் திரையேறுமுன் எரிந்துபோனது. அதன்பின் இருபதாண்டுகளுக்கு மேல் காத்திருந்த சிங்கள மக்களுக்கு, பி.ஏ.டபிள்யூ. ஜெயமான்னவின் மேடை நாடகத்தை 'கடவுனு பொரொந்துவ' என்று படமாக்கித் தந்தவர் தமிழரான எஸ்.எம். நாயகம். வங்காளியான ஜோதிஷ் சின்ஹா இயக்க, ரம்பொடையில் தமிழ்க் குடும்பத்தில் பிறந்த ருக்மணி தேவி நாயகியாக நடித்த அப்படம், 1947 ஜனவரி 21இல் கொழும்பில் வெளியானது. நாடக மேடையின் வாடை அதில் வீசுவது உண்மையே. ஆயினும் தன் மொழியைத் திரையில் முதன்முதலாகக் கேட்ட ஒரு மக்கள்கூட்டத்தின் மகிழ்ச்சியை அந்தக் குறையைக் கொண்டு அளந்துவிட முடியாது என்பது என் உறுதியான எண்ணம்.

ஆண்டின் சிறந்த கூட்டம் இயக்குநர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் 'ரேகாவ' (1956) திரையிடலே. அரசுத் திரைப்படப் பிரிவிலிருந்து விலகிய அவரும், ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக்கும், படத்தொகுப்பாளர் டைட்டஸ் தொட்டவத்தவும் கேமராவை ஸ்டூடியோவுக்கு வெளியே, கிராமத்து வெயிலுக்குக் கொண்டுசென்றனர். பொய்க்கால் ஆட்டக்காரர் ஊருக்குள் நுழையும்போதும், பட்டம் விட்டுக்கொண்டிருந்த சிறுமிக்குப் பார்வை மங்கும்போதும் அரங்கில் இருமல் சத்தம்கூட எழவில்லை. அப்படம் 1957இல் பிரான்சின் கான் திரைப்பட விழாப் போட்டிக்குச் சென்றது.

வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் தனியே சமர்ப்பிப்பார். நாயகத்தின் மதுரை ஸ்டூடியோவான சித்ரகலா மூவிடோனில் பணியாற்றியவர்களின் குடும்பங்களை வரும் ஆண்டில் தேடிச் செல்ல நிர்வாகக் குழு தீர்மானித்துள்ளது. அக்காலப் புகைப்படமோ, ஒப்பந்தத் தாளோ வைத்திருப்பவர்களை அறிந்த உறுப்பினர்கள் என்னிடம் தெரிவிக்க வேண்டுகிறேன். படியெடுத்த அன்றே அவை உரியவரிடம் திருப்பித் தரப்படும்.

இங்ஙனம்,
செயலாளர்